இரவல் பாட்டு

'இரவல் சீலையை நம்பி இடுப்புக் கந்தையை எறியாதே' என்பது நம் பெரியோர் வாக்கு. இரவல் என்ற சொல்லிலேயே ஏதோ ஒரு குறை தொனிக்கத்தான் செய்கிறது. இரவல் நகை அணிந்து கலியாணத்துக்குப் போனவளை ஊரார் ஒரு மாதிரியாகப் பார்ப்பார்கள். இரவல் வாங்கிய புத்தகத்தைத் திருப்பித் தராதவனைப் பற்றிச் சொல்லவே வேண்டியதில்லை. ஆனால் கலையுலகில் இரவலுக்கு வேறொரு மதிப்பு உண்டு. ஒருவர் ஆக்கிய பொருளை மற்றொருவர் எடுத்தாள்வதனாலேயே அது சாகாமல் பிழைத்து, கடல் கடந்து, தலைமுறை கடந்து வாழ்கிறது. அத்தகைய இரவல் பாட்டு ஒன்றின் வரலாற்றை இங்கே சொல்ல எண்ணுகிறோம்.

இந்த எண்ணம் தோன்றியதற்குக் காரணம் உண்டு. தலைநகரில் மத்திய அரசாங்க அலுவலகம் ஒன்றில் மொழிபெயர்ப்புப் பணி புரியும் நாம், பிறர் எழுதிய வாக்கியங்களுக்குத் தமிழ் உடை உடுத்தியே இருபது ஆண்டுகளைக் கழித்துவிட்டோம். 'உமக்கென்று சொந்தமாக என்ன எழுதினீர்?' என்று ஊரிலிருந்து வரும் உறவினர் கேட்கும்போது விடை சொல்லத் தயங்குவது வழக்கம். சில மாதங்களுக்கு முன் நம் மகன் பெருங்கூச்சலான மேனாட்டுப் பாட்டு ஒன்றைக் கேட்டுக்கொண்டிருந்தான். 'இது யார் பாட்டு?' என்று சற்றுச் சினத்தோடுதான் கேட்டோம். அவன் சொன்ன விடை பாதி சரி, பாதி தவறு. மற்றப் பாதியைத் தேடிப் புறப்பட்ட நமக்கு, உறவினர் கேட்ட கேள்விக்கும் ஒரு விடை அங்கே காத்திருந்தது.

பாட்டின் பெயர் 'லவ் பஸ்'. பஸ் என்றதும் நமக்கு மோட்டார் வண்டி நினைவுக்கு வரும். இங்கே அது வண்டியன்று. வண்டு செய்யும் ரீங்காரம். காதல் தலைக்குள் வண்டாய்ச் சுழலும் நிலையைச் சொல்வது பாட்டு. இதை 1988-ஆம் ஆண்டு நவம்பரில் தன் முதல் இசைத்தட்டாக வெளியிட்டது 'நிர்வாணா' என்ற அமெரிக்கக் குழு. அந்தப் பெயரைக் கேட்டு நேயர்கள் முகம் சுளிக்க வேண்டாம். பேச்சுத் தமிழில் அச்சொல் ஆடையின்மையைக் குறித்தாலும், குழுவினர் எடுத்துக்கொண்டது பௌத்தம் கூறும் பொருளையே. ஆசையும் துன்பமும் அவிந்துபோன நிலையே அது. பெயரிலேயே நம் நாட்டு இரவல் ஒன்று இருப்பதைக் கவனித்துக்கொள்வோம்.

இக்குழு வாசித்த இசைவகையை 'கிரஞ்ச்' என்பார்கள். அழுக்கு, கசடு என்பது அச்சொல்லின் பொருள். அமெரிக்காவின் வடமேற்கு மூலையில், ஓயாமல் மழை பெய்யும் வாஷிங்டன் மாநிலத்தில், சியாட்டில் நகரைச் சுற்றி 1980-களின் நடுவில் இது உருவாயிற்று. கித்தாரின் ஒலியை மின்கருவிகளால் கரகரப்பாக்கி, கனத்த தாளத்தின்மேல் ஏற்றி, பளபளப்பான உடையோ ஒப்பனையோ இன்றி மேடையில் நின்று பாடுவது இதன் இயல்பு. கிரீன் ரிவர், சவுண்ட்கார்டன், மட்ஹனி, மெல்வின்ஸ் என்பன நிர்வாணாவோடு இணைத்துப் பேசப்படும் குழுக்கள். ஆனால் 'லவ் பஸ்' பிறந்த இடம் சியாட்டில் அன்று. அதற்கு நாம் அட்லாண்டிக் மாகடலைக் கடந்து, 1960-களின் ஒல்லாந்து நாட்டுக்குச் செல்ல வேண்டும்.

ஹேக் நகரம் ஒல்லாந்து அரசாங்கத்தின் இருப்பிடம். சர்வதேச நீதிமன்றத்தால் உலகறிந்த ஊர். அவ்வூருக்கு மற்றொரு பெருமையும் உண்டு. ஒல்லாந்தர் ஆட்சியிலிருந்து இந்தோனேசியா விடுபட்டதை 1949-ல் ஒல்லாந்து ஒப்புக்கொண்டது. அதன் பின் அங்கிருந்த கலப்பு வமிசத்தார் பெருந்தொகையினராக ஒல்லாந்துக்குக் குடிபெயர்ந்தனர். ஹேக் நகரில் அவர்கள் மிகுதி. குளிர்நாட்டில் வந்து சேர்ந்த அவர்களின் பிள்ளைகள் 1950-களில் கித்தார்க் குழுக்கள் அமைத்து ஆடிப் பாடினர். அவர்களைக் கண்டும் கேட்டும் உள்ளூர் இளைஞரும் வாத்தியத்தைக் கையில் எடுத்தனர். அடுத்த பத்தாண்டில் ஹேக் நகரம் ஒல்லாந்தின் பாட்டுத் தலைநகராயிற்று. குடிபெயர்ந்து வந்தோர் வந்த ஊரைப் பாட வைத்தார்கள் என்பது, அயலூரில் வாழும் நாம் மகிழ்ந்து கேட்கக்கூடிய செய்தி.

அந்த நகரில் ராபி வான் லியூவன் என்ற கித்தார் வித்துவான் 1967-ல் 'ஷாக்கிங் புளூ' என்ற குழுவைத் தொடங்கினார். மறு ஆண்டு மரிஸ்கா வெரஸ் என்ற பெண்மணி அதன் பாடகியாகச் சேர்ந்தார். அவருடைய தந்தை ஹங்கேரி நாட்டு ரோமா இனத்து வயலின் கலைஞர். கனத்த, ஆழ்ந்த குரல் அம்மையாருக்கு வாய்த்திருந்தது. 1969-ல் இக்குழு 'அட் ஹோம்' என்ற நெடுந்தட்டை வெளியிட்டது. அதில் வான் லியூவன் இயற்றிய பாட்டுக்களில் ஒன்றுதான் 'லவ் பஸ்'. பேஸ் கித்தார் ஒரு சிறு சுரக்கோவையைத் திரும்பத் திரும்ப வாசிக்க, அதன்மேல் மரிஸ்காவின் குரல் மயக்கத்தோடு நடக்கிறது. இடையே ஒலிப்பது நமக்குப் பழகிய ஒரு வாத்தியம், சிதார்.

ஹேக் நகருக்குச் சிதார் எப்படிச் சென்றது? 1965-ல் பீட்டில்ஸ் குழுவைச் சேர்ந்த ஜார்ஜ் ஹாரிசன் தம் குழுவின் பாட்டு ஒன்றில் சிதாரை வாசித்தார். மறு ஆண்டு பண்டிட் ரவி சங்கரிடமே மாணவராகச் சேர்ந்தார். 1967-ல் அமெரிக்காவின் மான்டரே நகரில் நடந்த பெருவிழாவில் ரவி சங்கர் வாசித்ததை ஆயிரக்கணக்கான இளைஞர் மெய்ம்மறந்து கேட்டனர். அதற்குப் பின் மேனாட்டு இசைக்குழுக்கள் பல சிதாரைத் தேடி வாங்கின. ஷாக்கிங் புளூவும் அவற்றுள் ஒன்று.

இவ்விடத்தில் நாம் சற்றே நின்று போக வேண்டும். 'அட் ஹோம்' தட்டில் 'லவ் பஸ்' பாட்டோடு 'அக்கா ராகா' என்ற வாத்திய இசை ஒன்றும் இருக்கிறது. அதுவும் இரவலே. அதை இயற்றியவர் ஜான் மேயர். அவர் பிறந்த ஊர் கல்கத்தா. தந்தை ஆங்கிலோ இந்தியர், தாய் தமிழர். இளமையில் வயலின் பயின்ற மேயர், பம்பாயில் மெஹ்லி மேத்தாவிடம் மாணவராக இருந்தார். 1952-ல் உபகாரச் சம்பளம் பெற்று லண்டன் ராயல் அகாடமிக்குச் சென்றார். பின்னர் அந்நகரின் புகழ்பெற்ற வாத்தியக் கோஷ்டிகளில் வயலின் வாசித்து வயிறு வளர்த்தார். 1960-களில், ஜமைக்காத் தீவிலிருந்து இங்கிலாந்தில் குடியேறிய ஜோ ஹாரியட் என்ற சாக்ஸபோன் கலைஞரோடு சேர்ந்து, இந்திய இசைஞர் ஐவரும் ஜாஸ் இசைஞர் ஐவரும் ஒன்றாக வாசிக்கும் குழு ஒன்றை அமைத்தார். 'அக்கா ராகா' அந்தக் குழுவினர் வாசித்தது. இங்கிலாந்தின் பி. பி. சி. தொலைக்காட்சியில் குடும்பங்கள் பங்குபெற்ற வினாடி வினா நிகழ்ச்சி ஒன்றுக்கு அது முகப்பிசையாகவும் விளங்கியது. 2004-ல் லண்டனில் மேயர் காலமானார்.

கல்கத்தாவில் வாழ்ந்த ஒரு தமிழ்ப் பெண்ணின் மகன் லண்டனில் இயற்றிய இசையை ஹேக் நகரத்து இளைஞர் எடுத்து வாசித்தனர். அந்தத் தட்டு பின்னர் அமெரிக்கக் காட்டுப்புறத்துச் சிற்றூர் ஒன்றை எட்டியது. 'லவ் பஸ்' மேயரின் படைப்பு அன்று. அதை அவரோடு நாம் முடிச்சுப் போடவில்லை. எனினும் இரண்டும் ஒரே தட்டில் பயணம் செய்தன. மேயரின் பெயரை நம்மில் எத்தனை பேர் கேட்டிருக்கிறோம்? இத்தேடலுக்கு முன் நாமும் கேட்டதில்லை.

ஷாக்கிங் புளூவுக்கு உலகப் புகழ் தந்தது 'வீனஸ்' என்ற மற்றொரு பாட்டு. 1970 பிப்ரவரியில் அமெரிக்க விற்பனைப் பட்டியலில் அது முதலிடம் பெற்றது. அதன் கதையும் இதே கதைதான். அதன் மெட்டு, 'பிக் திரீ' என்ற அமெரிக்கக் குழுவினர் 1963-ல் பாடிய 'பாஞ்சோ சாங்' என்பதைத் தழுவியது. அவர்களோ தம் பாட்டின் சொற்களை ஸ்டீபன் பாஸ்டர் 1848-ல் வெளியிட்ட 'ஓ சூசன்னா' என்ற பாட்டிலிருந்து எடுத்தவர்கள். 1986-ல் 'பனனராமா' என்ற ஆங்கிலப் பெண்கள் குழு 'வீனஸ்' பாட்டை மீண்டும் பாடி மீண்டும் அமெரிக்காவில் முதலிடம் பெற்றது. ஒரு வாசலால் வந்தது மறு வாசலால் போகிறது; வழியில் யாரும் ஏழையாவதில்லை.

'வீனஸ்' இவ்வாறு ஊரறிய உலா வந்தபோது, 'லவ் பஸ்' பெரும்பாலோர் நினைவிலிருந்து நழுவிவிட்டது. அதை மீட்டவர் கிறிஸ்ட் நோவோசலிச். குரோவேஷியாவிலிருந்து அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்த பெற்றோருக்கு 1965-ல் கலிபோர்னியாவில் பிறந்தவர். அவர் குடும்பம் 1979-ல் வாஷிங்டன் மாநிலத்து அபர்டீன் என்ற ஊரில் வந்து குடியேறியது. மரம் வெட்டுவதும் அறுப்பதுமே அவ்வூரின் பிழைப்பு. அத்தொழில் அப்போது நலிந்துகொண்டிருந்தது. புதிய ஊரில் ஒட்டாமல் தவித்த பையனைப் பெற்றோர் 1980-ல் சில காலம் யூகோஸ்லாவியாவில் உறவினரிடம் அனுப்பி வைத்தனர். திரும்பி வந்தபின் அதே ஊர்ப் பையன் கர்ட் கோபேன் அவருக்கு நண்பரானார். ஷாக்கிங் புளூவின் பழைய பாட்டை நண்பருக்கு அறிமுகம் செய்தவர் நோவோசலிச்சே. இருவரும் சேர்ந்து 1987-ல் குழு அமைத்தனர்.

பெயர்கூட நிலைபெறாத அக்குழு, அவ்வாண்டு ஒலிம்பியா நகரத்து எவர்கிரீன் கல்லூரியின் சிறிய வானொலி நிலையத்தில் பாடியது. அன்று பாடியவற்றுள் 'லவ் பஸ்' ஒன்று. பெரிய கம்பெனிகள் ஏறெடுத்தும் பாராத இளைஞருக்கு ஒலிபெருக்கியை நீட்டியது மாணவர் நடத்தும் ஒரு வானொலி என்பதை, வானொலியின் வெளியீடு ஒன்றில் குறிப்பிடுவது பொருத்தமே.

அடுத்த படி ஒலிப்பதிவு. சியாட்டிலின் பல்லார்டு பகுதியில் 'ரெசிபிரோகல்' என்ற எளிய ஒலிப்பதிவுக்கூடம் இருந்தது. அங்கே ஜாக் எண்டினோ என்பவர் குறைந்த கட்டணத்தில் உள்ளூர்க் குழுக்களைப் பதிவு செய்து கொடுத்தார். 1988 ஜனவரி 23-ஆம் நாள் கோபேனும் நோவோசலிச்சும், மெல்வின்ஸ் குழுவின் தாளக்காரர் டேல் குரோவரைத் துணைக்கு அழைத்துக்கொண்டு அங்கே சென்றனர். ஒரே பிற்பகலில் பத்துப் பாட்டுக்கள் பதிவாயின. கடைசிப் பாட்டு முடியுமுன் ஒலிநாடா தீர்ந்துவிட்டது. மற்றொரு நாடா வாங்கப் பணம் இல்லை. ஆகவே அப்பாட்டு அரைகுறையாகவே தேய்ந்து நின்றது. மொத்தச் செலவு 152 டாலர் 44 சென்ட். கோபேன் அப்போது துப்புரவுத் தொழிலாளியாக வேலை பார்த்துச் சம்பாதித்தவர் என்பதை நினைத்தால், அந்த 44 சென்ட்டுக்கும் ஒரு கனம் இருப்பது புரியும்.

அந்த நாடாவைக் கேட்டு எண்டினோ வியந்தார். பிரதி எடுத்து ஜானதன் போனமனிடம் கொடுத்தார். போனமனும் புரூஸ் பாவிட்டும் 'சப் பாப்' என்ற சிறு இசைத்தட்டு நிறுவனத்தை நடத்தியவர்கள். போனமன் இக்குழுவை ஏற்றுக்கொண்டார். ஆயினும் முதல் தட்டுக்கு அவர் விரும்பிய பாட்டு 'லவ் பஸ்'. கோபேனுக்கு இது உவப்பாக இல்லை. முதன்முதல் உலகத்தார் முன் நிற்கும்போது சொந்தக் குரலோடு, சொந்தச் சொல்லோடு நிற்க வேண்டும் என்று எந்தக் கலைஞனுக்குத்தான் தோன்றாது? எனினும் அவர் இணங்கினார். தட்டின் மறுபுறத்தில் 'பிக் சீஸ்' என்ற சொந்தப் பாட்டு இடம் பெற்றது.

1988 ஜூன், ஜூலை மாதங்களில் எண்டினோவின் கூடத்திலேயே பதிவு நடந்தது. தாளம் வாசித்தவர் புதிதாகச் சேர்ந்த சாட் சானிங். சப் பாப் நிறுவனம் அப்போது சந்தாதாரருக்கு மாதம் ஒரு தட்டு அனுப்பும் திட்டத்தைத் தொடங்கியிருந்தது. அத்திட்டத்தின் முதல் வெளியீடாக 'லவ் பஸ்' வந்தது. அச்சிட்டவை 1,000 பிரதிகள். ஒவ்வொன்றிலும் வரிசை எண் கையால் எழுதப்பட்டது.

இனி, அவர்கள் அந்தப் பாட்டை என்ன செய்தார்கள் என்று பார்ப்போம். மொழிபெயர்ப்பாளன் என்ற முறையில் நம் கவனத்தை மிகவும் கவர்ந்த பகுதி இதுவே. மூலத்தில் இருந்த சிதார் போயிற்று. மரிஸ்காவின் மயக்கும் நிதானம் போயிற்று. ஒரு சரணமே விடுபட்டுப் போயிற்று. பாடிய சரணத்தையே கோபேன் மீண்டும் பாடுகிறார். எஞ்சி நின்றது பேஸ் கித்தாரின் சுரக்கோவை ஒன்றே. நோவோசலிச் அதை முன்னிலும் கனமாக, பாறையை உருட்டுவதுபோல் வாசிக்கிறார். அதன்மேல் கோபேனின் கித்தார் அலறிச் சுழல்கிறது. ஒல்லாந்துப் பாட்டில் ரீங்கரித்த வண்டு, மரம் அறுக்கும் ஊருக்கு வந்ததும் அறுவை ரம்பமாகிவிட்டது. பாட்டின் முகப்பில், குழந்தைகளுக்கான தட்டுக்களிலிருந்து துண்டு துண்டாக எடுத்துக் கோத்த ஒலிகளைக் கோபேன் சேர்த்தார். அது நீளம் என்று போனமன் கருதியதால், தட்டில் ஏறக்குறைய 10 வினாடிகளே மிஞ்சின.

சரணத்தை விட்டது குற்றமா? நம் அலுவலகத்தில் ஒரு வாக்கியத்தை விட்டுவிட்டு மொழிபெயர்த்தால் மேலதிகாரி விளக்கம் கேட்பார், கேட்பதும் நியாயமே. ஆனால் கலையில் கணக்கு வேறு. மூலத்தை எழுத்தெண்ணிப் பெயர்த்திருந்தால் அது ஷாக்கிங் புளூவின் நிழலாகவே இருந்திருக்கும். மூலத்தின் முதுகெலும்பு எது என்று கண்டு, அதை மட்டும் கையில் எடுத்துக்கொண்டு, தம் ஊரின் ஓசையால் தசையும் தோலும் கொடுத்தார்கள். ஆகவேதான் இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்பவருக்கு ஒன்று மற்றொன்றை அழிப்பதாகத் தோன்றுவதில்லை. சிதார் ஒலிக்கும் மூலத்துக்கு அதன் அழகு. கித்தார் அலறும் பெயர்ப்புக்கு அதன் வேகம்.

1989 ஜூனில் நிர்வாணாவின் முதல் நெடுந்தட்டு 'பிளீச்' வெளிவந்தது. அதன் செலவு 606 டாலர் 17 சென்ட். அதைக் கொடுத்தவர் ஜேசன் எவர்மன் என்ற நண்பர். அவர் அத்தட்டில் ஒரு சுரமும் வாசிக்கவில்லை. ஆயினும் கித்தார்க் கலைஞர் என்று அவர் பெயரைத் தட்டின் உறையில் போட்டார்கள். பட்ட கடனுக்கு நன்றி அது. அமெரிக்கப் பதிப்பிலிருந்த பதினொரு பாட்டுக்களுள் பத்து சொந்தம். ஒன்று 'லவ் பஸ்'. அதை இயற்றியவர் என்ற இடத்தில் வான் லியூவனின் பெயரே நிற்கிறது. அதுவும் ஒரு கடனுக்கு நன்றியே.

பின்னர் நடந்ததை உலகம் அறியும். 1991 செப்டம்பரில் வந்த 'நெவர்மைண்ட்' என்ற இரண்டாம் நெடுந்தட்டு, 1992 ஜனவரியில் அமெரிக்க விற்பனைப் பட்டியலில் முதலிடம் பெற்றது. அந்நாட்டில் மட்டும் 1 கோடிக்கு மேல் விற்பனையாயிற்று. சியாட்டிலின் கூச்சல் உலகத்தின் இசையாயிற்று. இனி இரவல் தேவையில்லை என்று கோபேன் நினைத்திருக்கலாம். அவர் செய்தது அதற்கு மாறானது. 1993 நவம்பர் 18-ஆம் நாள் நியூயார்க் நகரில் தொலைக்காட்சிக்காக, பெருங்கூச்சலை ஒதுக்கி, அடக்கமாக ஒரு கச்சேரி செய்தார். பாடிய பதினான்கு பாட்டுக்களில் ஆறு பிறருடையவை. அவற்றுள் மூன்றை ஆக்கிய 'மீட் பப்பெட்ஸ்' குழுவின் சகோதரர் இருவரையும் மேடைக்கே அழைத்து அருகில் அமர்த்திக்கொண்டார். 1949-ல் மறைந்த நீக்ரோப் பாணர் லெட் பெல்லி பாடிப் பரப்பிய பழைய நாடோடிப் பாட்டு ஒன்றோடு கச்சேரியை முடித்தார். அடுத்த ஏப்ரலில், 27-ஆம் வயதில், அவர் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார். அத்துடன் குழுவும் முடிந்தது.

முதல் தட்டில் மனமில்லாமல் பாடிய இரவல் பாட்டு. இறுதி ஆண்டில் மனமார விரும்பிப் பாடிய இரவல் பாட்டு. இவ்விரண்டுக்கும் இடையில் ஐந்தே ஆண்டுகள். பிறர் பாட்டைப் பாடுவதால் தன் குரல் குறைந்துபோகாது என்பதை அந்த இளைஞர் இடையில் கண்டுகொண்டார் என்றே நமக்குத் தோன்றுகிறது. தன் குரல் எது என்று தெரியாதவனுக்குத்தான் இரவல் ஆபத்து. தெரிந்தவனுக்கு அது உறவு.

இதைப் படிக்கும் அன்பர்களில் பெரும்பாலோர் நம்மைப் போன்றே பிறந்த ஊரைவிட்டு வந்து, அயல்மொழி பேசும் தெருவில் குடியிருப்பவர்கள். நம் பிள்ளைகளின் பேச்சிலும் பாட்டிலும் இரவல் கலந்துதான் இருக்கிறது. அதைக் கண்டு நாம் கலங்குவதும் உண்டு. கலங்க வேண்டியது இரவல் வாங்குவதற்கு அன்று. வாங்கிய இடத்தை மறப்பதற்கே. கல்கத்தாவின் தமிழ்த்தாய் பெற்ற மகனின் இசை ஒல்லாந்துத் தட்டில் ஏறி உலகைச் சுற்றியதும், அவர் பெயரை நாம் அறியாதிருந்ததும் நமக்கு ஒரு பாடம்.

மகனிடம் திரும்பிச் சென்று பாட்டின் மற்றப் பாதியைச் சொன்னோம். அவன் ஷாக்கிங் புளூவின் மூலத்தைத் தேடி எடுத்தான். சிதார் ஒலிக்கத் தொடங்கியதும் சமையலறையிலிருந்து அவன் தாய், 'இது நம் ஊர் வாத்தியம் போல் இருக்கிறதே!' என்றாள். அன்று இரு பாட்டுக்களையும் மும்முறை கேட்டோம். கூச்சல் என்று முன்பு சொன்ன சொல்லை நாம் திரும்பப் பெற்றுக்கொண்டோம். ஊரிலிருந்து உறவினர் அடுத்த முறை வரும்போது, அவர் கேள்விக்கும் இனித் தயங்காமல் விடை சொல்வோம்.